இடைவேளையில் பேசியவள்

என் அக்கா நடித்த சினிமாவில் அவள் திரையில் தெரிவது மூச்சு விடுகிற நேரம்தான். வகுப்பறைக்குள் அவசரமாக ஓடி வருவாள், கடைசி வரிசையில் உட்காருவாள், பெஞ்சு முறியும். அவ்வளவுதான். பேச்சு கிடையாது. அந்தப் படம் வந்த பிறகு எங்கள் ஊரில் அவளைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டவர்கள் அப்பாவும் அம்மாவும் மட்டும்தான். எனக்கு அவள் அக்கா. மற்ற எல்லோருக்கும் 'பெஞ்சு'. கொஞ்சம் மரியாதை தெரிந்தவர்களுக்கு 'பெஞ்சக்கா'.

சின்ன பட்ஜெட் படம் என்று சொல்வார்கள். அதற்குச் 'சின்ன' என்பதே பெரிய வார்த்தை. செட் போட வழியில்லாமல், அக்கா படித்த கல்லூரியிலேயே விடுமுறை நாட்களில் படம் பிடித்தார்கள். கதாநாயகன் ஏதோ ஒரு அலுவலகத்தில் விடுப்பு சொல்லிவிட்டு வந்த குமாஸ்தா. கதாநாயகி தன் உடைகளைத் தானே பெட்டியில் கொண்டுவந்து, தானே துவைத்துக் காயப்போட்டாள். பரீட்சையைத் தள்ளிப்போட நான்கு மாணவர்கள் பிரின்சிபாலை ஊரை விட்டே அனுப்பப் பார்க்கிறார்கள், ஒவ்வொரு தடவையும் அவர் திரும்பி வந்துவிடுகிறார் என்பது கதை. விளக்குகள் போதாததால் வெயிலை நம்பித்தான் வேலை. மேகம் வந்தால் மொத்தக் குழுவும் மரத்தடியில் உட்கார்ந்து வானத்தைத் திட்டும்.

கூட்டத்துக்கு மாணவர்கள் தேவைப்பட்டார்கள். சம்பளம் கிடையாது, மதியம் ஒரு சாப்பாட்டுப் பொட்டலம். அக்கா அப்போதுதான் கடைசி வருடப் பரீட்சை எழுதி முடித்திருந்தாள். தோழி ஒருத்தி கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போனாள்.

அக்கா நல்ல பருமன். "ஒளிச்சு வைக்கிற அளவா இது?" என்று அவளே சொல்வாள். அவளிடம் இன்னொரு சங்கதியும் இருந்தது. யாரையாவது கொஞ்ச நேரம் பார்த்துவிட்டால் போதும், அவர்களாகவே மாறிப் பேசுவாள். எதிர்வீட்டம்மா பால்காரரைக் கூப்பிடுவதை ஒருநாள் எங்கள் சமையலறையில் அவள் செய்து காட்ட, தெருவில் போய்க்கொண்டிருந்த பால்காரர் "இதோ வந்துட்டேம்மா" என்று எதிர்வீட்டுக் கதவைப் போய்த் தட்டினார்.

அன்றைக்கும் மேகம். எல்லோரும் மரத்தடியில். சும்மா இருக்க முடியாமல் அக்கா இயக்குநரைப் போலப் பேச ஆரம்பித்தாள். அவர் எந்த வாக்கியத்தையும் முடிக்காத மனிதர். "நீங்க அப்படியே அங்கேருந்து வந்து, வந்ததும், அதாவது..." என்று மிச்சத்தைக் கையால் சொல்வார். அக்கா எழுந்து நின்று அதே போலக் காற்றைப் பிசைய, விழுந்து விழுந்து சிரித்தார்கள். திடீரென்று சிரிப்பு நின்றது. அக்கா திரும்பினால் பின்னால் இயக்குநர்.

"நான் இப்படியா பேசறேன்?"

"இல்ல சார். நீங்க இன்னும் கொஞ்சம், அதாவது..." என்று அக்கா மிச்சத்தைக் கையால் சொன்னாள்.

அவர் சிரித்துவிட்டார். அதோடு விடவும் இல்லை. அன்றைக்கே அவளுக்காக ஒரு காட்சி எழுதினார். வகுப்பறையில் ஆசிரியர் இல்லாத நேரம். ஒரு மாணவி மேடையில் ஏறிப் பிரின்சிபாலைப் போலவே பேசுகிறாள். பிரின்சிபால் வாசலில் வந்து நிற்கிறார். அவள் கவனிக்கவில்லை. கவனித்ததும் ஓடிப் போய்த் தன் இடத்தில் உட்காருகிறாள், பெஞ்சு முறிகிறது.

"நான் பேசறதெல்லாம் படத்துல வருமா சார்?" என்று அக்கா கேட்டாள்.

"அதாம்மா சீனே. பெஞ்சு சும்மா கடைசியில, அதாவது..."

பேசும் பகுதியை முதலில் எடுத்தார்கள். லைட்மேன்கள் வாய்விட்டுச் சிரித்ததில் அது கெட்டுப்போனது. இரண்டாம் முறை அவர்களை வெளியே அனுப்பிவிட்டு எடுத்தார்கள். பிறகு பெஞ்சு. கால் ஒன்றை முக்கால்வாசி அறுத்து வைத்திருந்தார்கள். அக்கா உட்கார்ந்தாள், விழுந்தாள், முழங்கையில் சிராய்ப்பு. வீட்டுக்கு வந்து எங்கள் எல்லோரையும் சுவரோரம் நிற்கவைத்து முழுக் காட்சியையும் நடித்துக் காட்டினாள். நான் அன்றைக்குச் சிரித்த சிரிப்பில் விக்கல் வந்து நிற்கவே இல்லை.

படம் வெளிவந்த அன்று குடும்பத்தோடு தியேட்டருக்குப் போனோம். அப்பா பஸ் டிப்போவில் மெக்கானிக். வேலை முடிந்து வந்து, கையைத் தேய்த்துத் தேய்த்துக் கழுவி, நல்ல சட்டை போட்டுக்கொண்டு வந்தார். பக்கத்து வீட்டுக்காரர்களும் வந்தார்கள். அக்காதான் எல்லோரையும் வரிசையாக உட்காரவைத்தாள்.

பாதிப் படத்துக்கு மேல் வகுப்பறை வந்தது. அக்கா என் கையைப் பிடித்துக்கொண்டாள். மேடையைக் காட்டவில்லை. அக்கா பேசவில்லை. கதவு தெரிந்தது, அக்கா ஓடி வந்தாள், உட்கார்ந்தாள், பெஞ்சு முறிந்தது. ஒரு கட்டடமே இடிந்து விழுகிற மாதிரி 'டமார்' என்று ஒரு சத்தம் சேர்த்திருந்தார்கள், அதற்கு மேல் ஒரு ஊதுகுழல். தியேட்டர் அதிர்ந்தது. சிரிப்பு அடங்குவதற்குள் அதையே திரும்பவும் காட்டினார்கள். பிறகு மறுபடியும், இந்தத் தடவை மெதுவாக. அக்காவின் முகம், பயந்து விரிகிற கண், ஆடுகிற உடம்பு. பக்கத்து வீட்டுக்காரர்களும் சிரித்தார்கள், பாவம், சிரிக்கத்தானே காட்டினார்கள்.

அக்கா கடைசி வரை உட்கார்ந்திருந்தாள். எழுத்துகள் ஓடின. 'மற்றும் கல்லூரி மாணவ மாணவியர்' என்று ஒரு வரி வந்தது.

திரும்பும்போது அம்மா வேகமாக முன்னால் நடந்தாள். அப்பா மட்டும் தெருமுனையில் நின்று சொன்னார்: "பெஞ்சுக் காலை அறுத்து வச்சிருக்கானுங்கம்மா. பார்த்தாலே தெரியுது. அது யார் உக்காந்தாலும் உடைஞ்சிருக்கும்."

யாரும் எதிர்பார்க்காதபடி படம் ஓடியது. ஓடிக்கொண்டே இருந்தது. மக்கள் இரண்டாம் முறை, மூன்றாம் முறை போனார்கள். பஸ்ஸில் அக்கா ஏறினால் ஒருவர் எழுந்து, "வேணாம்க்கா, அரசாங்க சொத்து" என்பார். பஸ் முழுக்கச் சிரிக்கும். கடைத்தெருவில் பின்னாலிருந்து 'டமார்' என்று குரல் வரும், திரும்பினால் எல்லோரும் வானத்தைப் பார்ப்பார்கள். அக்கா கொஞ்ச நாள் வீட்டுக்குள்ளேயே இருந்து பார்த்தாள். அது அவளுக்குச் சரிப்படவில்லை. வேலை தேடப் புறப்பட்டாள்.

ஒரு பள்ளிக்கூடத்தில் கணக்கு டீச்சர் வேலைக்கு ஆள் எடுத்தார்கள். அக்கா கணக்கில் கெட்டிக்காரி. நேர்காணல் அறையில் மேஜைக்குப் பின்னால் மூன்று பேர். நடுவில் இருந்தவர் அவளைப் பார்த்ததும் உதட்டைக் கடித்துக்கொண்டார்.

"பாத்து உக்காருங்க. புது நாற்காலி."

மற்ற இருவரும் குனிந்துகொண்டார்கள். தோள் குலுங்கியது.

"நின்னுக்கிட்டே பதில் சொல்றேன் சார்" என்றாள் அக்கா. கேட்ட எல்லாவற்றுக்கும் நின்றபடியே பதில் சொன்னாள். வேலை கிடைக்கவில்லை. அந்தப் பள்ளிக்கூட அலுவலகத்தில் வேலை பார்த்த எங்கள் தெருக்காரர் அப்பாவிடம் காரணத்தைச் சொன்னார்: "படிப்புல குறை சொல்ல முடியாதாம். பசங்க அடங்க மாட்டாங்கன்னு பயப்படுறாங்க."

அன்று மாலை அக்கா தலையை வாரிக்கொண்டே என்னிடம், "நாளைக்கு என்கூட வா. நான் பேசினது எங்க போச்சுன்னு கேட்டுட்டு வரலாம்" என்றாள்.

பஸ் பிடித்துப் பெரிய ஊருக்குப் போனோம். நாலு இடத்தில் விசாரித்து எடிட்டரின் அறையைக் கண்டுபிடித்தோம். மாடியில், ஜன்னலுக்குக் கறுப்புத் துணி போட்ட சின்ன அறை. சுவரோரம் துணிக்கொடி மாதிரிக் கட்டிய கம்பியில் பிலிம் துண்டுகள் தொங்கின. எடிட்டர் கையில் வெள்ளை உறை போட்டிருந்தார். அக்காவைப் பார்த்ததும் அவர் சிரிக்கவில்லை. அதுவே எனக்கு ஆச்சரியமாக இருந்தது.

"வாம்மா. உன்ன நான் எவ்வளவு நாள் பாத்திருக்கேன் தெரியுமா? இந்தச் சின்ன மிஷின்லதான்."

"நான் பேசினதை ஏன் சார் வெட்டினீங்க?"

"நான் வெட்டலம்மா. ஒட்ட முடியல. பிரின்சிபாலா நடிச்சவர் மறுநாள் வந்து வாசல்ல நின்னு முறைக்கணும். அவர் வேற படத்துக்குப் போயிட்டார், திரும்பி வரவே இல்ல. அவர் மூஞ்சியைக் காட்டாம உன் பேச்சைப் போட்டா, நீ யாரைப் பாத்து ஓடறேன்னு புரியாது. இன்னொரு நாள் எடுக்க அவங்ககிட்ட பிலிமும் இல்ல."

"அப்ப உடையறதை மட்டும் ஏன் மூணு தடவை போட்டீங்க?"

எடிட்டர் உறையைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டார். "படம் நீளம் போதலம்மா."

அக்கா இத்தனை நாளும் யாரோ தன்னைக் கேலி செய்யவேண்டும் என்றே செய்ததாக நினைத்திருந்தாள். யாரும் நினைத்துச் செய்யவில்லை. ஒரு நடிகர் வரவில்லை, பிலிம் போதவில்லை, அவ்வளவுதான்.

எடிட்டர் ஒரு தகர டப்பாவைத் திறந்து, துண்டு ஒன்றைத் தேடி எடுத்து மிஷினில் ஓடவிட்டார். ஒலி வேறு டப்பாவில் இருந்ததால் சத்தம் இல்லை. தீப்பெட்டி அளவுத் திரையில் அக்கா மேடை ஏறினாள், பிரின்சிபாலைப் போல மூக்குக்கண்ணாடியைத் தூக்கிவிட்டாள், ஒரு விரலை நீட்டினாள். சத்தமே இல்லாத அந்தப் பேச்சைப் பார்த்து, எத்தனையோ முறை பார்த்திருந்த எடிட்டர் குலுங்கிச் சிரித்தார். அக்கா சிரிக்கவில்லை. குனிந்து உன்னிப்பாகப் பார்த்தாள், யாரோ மூன்றாம் மனுஷியைப் பார்க்கிற மாதிரி.

"நல்லாத்தானே இருக்கு?" என்று கேட்டாள்.

"நல்லா இருக்கும்மா."

"நானும் அதைத்தான் தெரிஞ்சுக்க வந்தேன்."

அங்கிருந்து தயாரிப்பாளர் அலுவலகத்துக்குப் போனோம். மேனேஜர் வாயெல்லாம் பல்லாக வரவேற்றார். அடுத்த படத்துக்கு அவளையே தேடிக்கொண்டிருந்தார்களாம். இந்தத் தடவை ஒரு நாற்காலி, ஒரு கட்டில், கிளைமாக்ஸில் ஒரு படகு.

"வசனம் உண்டா சார்?" என்றாள் அக்கா.

"உடையற சத்தம்தாம்மா உனக்கு வசனம். அதைவிட என்ன வேணும்?"

"உடையறதுக்கு முன்னாடி ஒரு வரியாவது வேணும்."

"இங்க பாரும்மா, உன்ன மாதிரி உடம்பு வச்சிருக்கிறவங்க ஆயிரம் பேர் கிடைப்பாங்க."

"கிடைச்சா உக்கார வைங்க சார்" என்று சொல்லிவிட்டு அக்கா எழுந்தாள்.

திரும்பும் பஸ்ஸில் அவள் ஜன்னல் பக்கம் உட்கார்ந்திருந்தாள். அழுகிறாளோ என்று எட்டிப் பார்த்தேன். உதடு அசைந்துகொண்டிருந்தது. அந்தப் பேச்சைத்தான் முதலிலிருந்து சொல்லிப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

மறுநாள் எங்கள் ஊர்த் தியேட்டர் முதலாளியைப் போய்ப் பார்த்தாள். அவர் டிக்கெட் அறையில் உட்கார்ந்து பேப்பர் படித்துக்கொண்டிருந்தார்.

"சார், இடைவேளையில எனக்கு அஞ்சு நிமிஷம் குடுங்க."

"எதுக்கும்மா?"

"படத்துல நான் பேசினது வராமப் போச்சு. அதை நான் நேர்ல வந்து பேசிடறேன்."

அவர் பேப்பரை மடித்தார். "இடைவேளையில ஜனங்க சோடா குடிக்கப் போவாங்களா, உன் பேச்சைக் கேப்பாங்களா?"

"போறவங்க போகட்டும். உக்காந்திருக்கிறவங்களுக்குப் பேசறேன்."

கூட்டம் குறையத் தொடங்கியிருந்த நேரம். அவருக்கு நஷ்டம் ஒன்றுமில்லை. "சரி, உன் பாடு" என்றார்.

முதல் நாள் நானும் போயிருந்தேன். இடைவேளை விளக்கு எரிந்ததும் அக்கா திரைக்கு முன்னால் போய் நின்றாள். ஒரு கணம் எல்லோரும் விழித்தார்கள். பிறகு யாரோ "டேய், பெஞ்சுடா!" என்றார்கள். அதற்குப் பிறகு எதுவும் கேட்கவில்லை. விசில், கைதட்டல், 'டமார்' 'டமார்' என்று நாலு மூலையிலிருந்தும் கூச்சல். ஒலிபெருக்கியில் இடைவேளைப் பாட்டு வேறு. அக்காவின் வாய் அசைவது மட்டும் தெரிந்தது. அவள் பாதியில் நிறுத்தவில்லை. முழுவதையும் பேசி முடித்து, ஒரு கும்பிடு போட்டுவிட்டு இறங்கினாள்.

வீட்டில் அம்மா சோற்றைப் பிசைந்தபடியே இருந்தாள், வாய்க்குக் கொண்டுபோகவில்லை. "போதும்டி. எதுக்கு நாமளாப் போய் வாங்கிக் கட்டிக்கணும்?"

"அம்மா, முன்வரிசையில ஒருத்தர் சோடாவைக் கையில வச்சுக்கிட்டுக் குடிக்காமலே நின்னார். என் வாயைத்தான் பாத்துக்கிட்டிருந்தார். இன்னிக்கு ஒருத்தர்."

"அதுக்கு?"

"நாளைக்கு ரெண்டு பேர் நிப்பாங்க."

இரண்டாம் நாள் யாரோ எங்கிருந்தோ ஒரு கால் போன ஸ்டூலைக் கொண்டுவந்து திரைக்கு முன்னால் வைத்திருந்தார்கள். அக்கா அதைத் தூக்கி ஓரமாக வைத்துவிட்டுப் பேசினாள். அன்று ஒரு மாற்றம் இருந்தது. புரொஜெக்டர் அறையிலிருந்த ஆபரேட்டர் இடைவேளைப் பாட்டை நிறுத்திவிட்டார். அதிகம் பேசாத மனிதர் அவர். அக்கா இறங்கி வரும்போது படிக்கட்டில் நின்று, "பின்வரிசை வரைக்கும் கேக்கல. இன்னும் கொஞ்சம் தாடையைத் தூக்கிப் பேசுங்க" என்று மட்டும் சொன்னார்.

மூன்றாம் நாள் அக்கா பேச்சை மாற்றினாள். பிரின்சிபாலில் ஆரம்பிக்கவில்லை. கையில் டார்ச் இருப்பது போல வைத்துக்கொண்டு, இருட்டில் இடம் காட்டும் மனிதராக நடந்து வந்தாள்.

"உள்ள போங்க, உள்ள போங்க. காலை மடக்குங்க. காலை மடக்குன்னா தலையை மடக்குறீங்களே சார்!"

தியேட்டரே திடுக்கிட்டது. அது அவர்களுக்குத் தெரிந்த குரல். ஒவ்வொரு தடவையும் வாங்கிக் கட்டிக்கொள்ளும் குரல். கடைசி வரிசைக்குப் பின்னால் நின்றிருந்த நிஜ டார்ச்காரரையே எல்லோரும் திரும்பிப் பார்க்க, அவர் வெட்கப்பட்டு டார்ச்சைச் சட்டைக்குள் செருகிக்கொண்டார். அடுத்து அக்கா மூக்கால் பேசும் சோடாக்காரரானாள். அப்போது பால்கனியிலிருந்து ஒரு குரல், "ஏ பெஞ்சு!" என்றது. அக்கா அண்ணாந்து பார்த்து, அதே குரலில், அதே இழுவையில், "ஏ பெஞ்சு!" என்று திருப்பிச் சொல்லிவிட்டு, "இருங்கண்ணே, உங்களையும் பண்ணிக் காட்டறேன், அவசரப்படாதீங்க" என்றாள். பால்கனி சிரித்த சிரிப்பில் அந்த மனிதர் எங்கே போனார் என்றே தெரியவில்லை.

அதற்குப் பிறகுதான் அக்கா மூக்குக்கண்ணாடியைத் தூக்கிவிட்டுப் பிரின்சிபாலானாள். எல்லோரும் கேட்டார்கள்.

சில நாட்களில் ஒரு புதுத் தகராறு. தியேட்டரில் சோடா விற்கும் கான்ட்ராக்டர் முதலாளியிடம் சண்டைக்கு வந்தார். "இந்தப் பொண்ணு பேச ஆரம்பிச்சா ஒருத்தன் இடத்தை விட்டு எந்திரிக்க மாட்டேங்கிறான். என் சரக்கெல்லாம் அப்படியே நிக்குது. ஒண்ணு அது பேசணும், இல்ல நான் விக்கணும்!" முதலாளி யோசித்து, அக்காவின் பேச்சைப் படத்துக்கு முன்னால் வைத்தார். அதனால் தாமதமாக வருகிற வழக்கமுள்ள எங்கள் ஊர்க்காரர்கள் முதல்முறையாகத் தியேட்டருக்கு நேரத்தோடு வந்தார்கள்.

இந்தச் செய்தி பெரிய ஊருக்கும் போயிற்று. ஒருநாள் தயாரிப்பாளரின் மேனேஜர் காரில் வந்து இறங்கினார். அதே பல், அதே சிரிப்பு. மற்ற ஊர்த் தியேட்டர்களிலும் படத்துக்கு முன்னால் அக்கா பேசவேண்டும். ஏற்பாடெல்லாம் அவர்கள் செய்வார்கள். ஒரே ஒரு சேர்க்கை.

"முடிவுல ஒரு பெஞ்சு போட்டுடலாம். நீ உக்காரு, டமார். ஜனங்க அதுக்குத்தாம்மா வர்றாங்க."

"பெஞ்சு போடுங்க. உக்காரறேன். ஆனா அது உடையக்கூடாது."

"உடையலேன்னா எப்படிம்மா சிரிப்பாங்க?"

"நாளைக்கு வந்து பாருங்க சார். சிரிக்கலேன்னா நீங்க சொல்றபடி உடைச்சிடலாம்."

மறுநாள் அப்பா தியேட்டருக்கு வந்தார். படம் வெளிவந்த நாளுக்குப் பிறகு அவர் அந்தப் பக்கமே வரவில்லை. டிப்போ உடையோடு நேராக உள்ளே போய், திரைக்கு முன்னால் போட்டிருந்த பெஞ்சைத் தலைகீழாகக் கவிழ்த்தார். ஒவ்வொரு காலையும் தட்டினார், ஆணிகளை விரலால் தடவினார், ஒன்றை இன்னும் இறுக்கினார். நிமிர்த்தி வைத்து மேலே ஏறி நின்று இரண்டு குதி குதித்தார். "தாங்கும்" என்று அக்காவிடம் சொல்லிவிட்டுக் கடைசி வரிசையில் போய் உட்கார்ந்துகொண்டார்.

அக்கா அன்று டார்ச்காரர், சோடாக்காரர் எல்லோரையும் போலப் பேசி முடித்தாள். பிரின்சிபாலும் முடிந்தது. பிறகு திரும்பி அந்தப் பெஞ்சைப் பார்த்தாள். தியேட்டரில் ஒரு முணுமுணுப்பு ஓடியது. எல்லோரும் இருக்கையின் நுனிக்கு வந்தார்கள். அக்கா பெஞ்சை நோக்கி ஓர் அடி வைத்தாள். நின்றாள். கூட்டத்தைப் பார்த்தாள். இன்னோர் அடி. பெஞ்சின் மூலையில் ஒரு விரலை வைத்து அழுத்தினாள். யாரோ அடக்கமாட்டாமல் 'டம்...' என்று ஆரம்பித்து நிறுத்திக்கொண்டார்கள்.

அக்கா உட்கார்ந்தாள்.

ஒன்றும் நடக்கவில்லை. அக்கா முதுகைச் சாய்த்தாள். காலை நீட்டினாள். பஸ்ஸுக்குக் காத்திருப்பவள் மாதிரி இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் பார்த்தாள். கைக்குட்டையை எடுத்து நிதானமாகக் கழுத்தைத் துடைத்தாள். எங்கோ ஒரு மூலையில் ஒரு பெண் களுக்கென்று சிரித்தாள். அக்கா அந்தப் பக்கம் திரும்பி, மிகவும் சாதாரணமாக, "என்னங்க? நல்ல மரம்" என்றாள்.

எனக்கு அன்றைய சிரிப்பைச் சொல்லத் தெரியவில்லை. அது வெடித்து வந்தது, அடங்கியது, அக்கா பெஞ்சின் மறு நுனிக்கு நகர்ந்து உட்கார்ந்ததும் மறுபடி வெடித்தது. அவள் கண்ணை மூடினால் சிரித்தார்கள், திறந்தால் சிரித்தார்கள். கடைசியில் அவள் எழுந்து, பெஞ்சைத் தட்டிக்கொடுத்துவிட்டு நடந்து போனாள். மேனேஜர் பக்கத்திலிருந்த முதலாளியின் தோளில் முகத்தைப் புதைத்திருந்தார்.

வெளியே வந்ததும், "இப்படியே பண்ணிடலாம்மா, இப்படியே பண்ணிடலாம்" என்றார்.

"சுவரொட்டியில என் பேரைப் போடணும்" என்றாள் அக்கா.

போட்டார்கள். எங்கள் தெருமுனைச் சுவரில் அக்காவின் முழுப்பெயர் பெரிய எழுத்தில் ஒட்டப்பட்டபோது, அம்மா பசை காயும் முன்பே போய் ஒவ்வொரு எழுத்தாகத் தொட்டுப் பார்த்து, விரலில் பசையோடு திரும்பி வந்தாள்.

அந்த வருடம் முழுவதும் அக்கா ஊர் ஊராகப் போனாள். துணைக்கு முதலில் நான் போனேன். பிறகு பின்வரிசைக்குக் கேட்கிறதா என்று பார்த்துச் சொல்ல ஒரு ஆள் வேண்டும் என்று, ஆபரேட்டர் விடுப்பு எடுத்துக்கொண்டு வந்தார். அவர் பின்வரிசையில் உட்கார்ந்து கையைத் தூக்கினால் கேட்கிறது என்று அர்த்தம். அவர் எனக்கு அத்தானாகப் போகிறார் என்று எனக்குத் தெரிந்த பிறகும் கொஞ்ச நாள் கழித்துத்தான் அவர்கள் இருவருக்கும் தெரிந்தது.

பள்ளிக்கூட வேலை தேடுவதையும் அவள் விடவில்லை. படத்தின் ஓட்டம் முடிந்ததும் சனி ஞாயிறுகளில் விழா மேடைகளில் பேசக் கூப்பிட ஆரம்பித்தார்கள். வாரநாட்களுக்கு அவள் வேறொரு பள்ளிக்கு மனுப் போட்டாள். தலைமையாசிரியை கண்டிப்பானவர். எடுத்த எடுப்பிலேயே, "சனி ஞாயிறு மேடைப் பேச்சை விட்டுடுவீங்களா?" என்று கேட்டார்.

"விடமாட்டேம்மா."

"பசங்க கிண்டல் பண்ணுவாங்களே?"

"பண்ணட்டும். கிண்டலை நல்லாப் பண்றவனை முன்வரிசையில உக்கார வைப்பேன். சுமாராப் பண்றவன் கணக்குப் படிக்கட்டும்."

தலைமையாசிரியை சிரிக்காமல் இருக்கப் பார்த்துத் தோற்றார். வேலை கிடைத்தது. முதல் நாள் வகுப்பில் அவள் நுழைந்ததும் கடைசி வரிசையிலிருந்து 'டமார்' வந்ததாம். அக்கா கரும்பலகையில் ஒரு கணக்கை எழுதிவிட்டு, அந்தச் சத்தத்தை எப்படி அடிவயிற்றிலிருந்து எடுக்கவேண்டும் என்று வகுப்பே அலறும்படி ஒரு தடவை செய்து காட்டிவிட்டு, "இனிமே இதைவிட நல்லாப் பண்ணத் தெரிஞ்சா மட்டும் பண்ணுங்க" என்றாளாம். அதற்குப் பிறகு யாரும் முயலவில்லை.

வாரநாட்களில் கணக்கு, வாரக்கடைசியில் மேடை என்று பல வருடங்கள் போயின. தொழிற்சாலை விழாக்கள், ஆஸ்பத்திரி வளாகங்கள், கல்யாணமாகாதவர்கள் தங்கும் விடுதிகள் என்று எங்கே கூப்பிட்டாலும் போனாள். சினிமாவிலும் பிறகு கூப்பிட்டார்கள். வசனத்தைப் படித்துப் பார்த்து, பிடித்ததை நடித்தாள், பிடிக்காததைத் திருப்பிக் கொடுத்தாள். நடித்தவை குறைவு, திருப்பிக் கொடுத்தவை அதிகம். அந்த முதல் படத்தை இயக்கியவர் ஒருமுறை அவள் நிகழ்ச்சிக்கு வந்திருந்தார். முடிந்ததும் மேடைக்குப் பின்னால் வந்து அவள் கையைப் பிடித்துக்கொண்டு, "அன்னிக்கு அந்தப் பேச்சை நான் எப்படியாவது, அதாவது..." என்று நிறுத்தினார். "புரியுது சார். உங்ககிட்ட பிலிம் இல்ல" என்றாள் அக்கா. இருவரும் டீ குடித்துவிட்டுப் பிரிந்தார்கள்.

அப்பா ஓய்வு பெறும் நாளில் டிப்போவில் ஒரு சின்னக் கூட்டம் வைத்தார்கள். பஸ்களை வெளியே நிறுத்திவிட்டு, எண்ணெய்க் கறை படிந்த ஷெட்டுக்குள் நாற்காலி போட்டிருந்தார்கள். அக்காவும் பேசவேண்டும் என்று தொழிலாளர்கள் கேட்டுக்கொண்டார்கள். அவள் யார் யாரையோ போலப் பேசியிருக்கிறாள், அப்பாவைப் போல ஒருநாளும் பேசியதில்லை. எங்களுக்கெல்லாம் அவரிடம் கொஞ்சம் பயம்.

அன்று அவள் மேடையேறி, ஒன்றும் சொல்லாமல், மேஜை மேலிருந்த துணியை எடுத்து ஒவ்வொரு விரலாகத் துடைக்க ஆரம்பித்தாள். பெருவிரலில் தொடங்கி, நகக்கண்ணில் நின்று, வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்து, மறுபடி துடைத்து. ஷெட் முழுவதும் உடனே தெரிந்துகொண்டது. பிறகு குனிந்து, இல்லாத ஒரு இன்ஜினுக்குக் காதைக் கொடுத்தாள். இருமினாள். "ம்" என்றாள். நிமிர்ந்து முன்னால் உட்கார்ந்திருந்த ஒரு டிரைவரை ஏற இறங்கப் பார்த்தாள். "வண்டில ஒண்ணுமில்ல. நீ ஓட்டறதுலதான் இருக்கு" என்றாள்.

டிரைவர்கள் நாற்காலியை விட்டு எழுந்து நின்று கைதட்டினார்கள். அப்பா மேடையில் மாலையோடு உட்கார்ந்திருந்தார். முதலில் இறுக்கமாகத்தான் இருந்தார். பிறகு வாய் கோணியது, தோள் ஆடியது, கண்ணில் தண்ணீர் வழிய வழியச் சிரித்தார். எங்கள் அப்பாவுக்கு முன்பல் ஒன்று உடைந்திருப்பது எனக்கு அன்றைக்குத்தான் தெரிந்தது.

கூட்டம் கலைந்தபோது அவர் அக்காவைத் தனியாகக் கூப்பிட்டார்.

"நான் 'ம்'னு அவ்வளவு நீளமாவா சொல்றேன்?"

"இல்லப்பா. உங்களுது இன்னும் நீளம். நேரம் போதல, குறைச்சுட்டேன்."

அவர் ஏதோ சொல்ல வாயெடுத்து, "ம்" என்றார். பக்கத்தில் நின்ற மெக்கானிக்குகள் மறுபடியும் ஆரம்பித்துவிட்டார்கள்.

வெளியே எங்களை வீட்டில் விடுவதற்காக ஒரு பஸ்ஸை எடுத்து வைத்திருந்தார்கள். அப்பா முன்னால் டிரைவருக்குப் பக்கத்தில் ஏறிக்கொண்டு கியர் மாற்றுவதைக் கவனிக்க ஆரம்பித்தார். மறுநாள் காலை அக்காவுக்குப் பள்ளிக்கூடம். அவள் ஜன்னலோரம் உட்கார்ந்து, பையிலிருந்து விடைத்தாள் கட்டை எடுத்து மடியில் வைத்து, வெளிச்சம் இருக்கும்போதே திருத்தத் தொடங்கினாள்.